ஒரத்துப்பாளையத்து உப்பு

நவம்பர் 9, ஞாயிறு

நேற்று ராத்திரி மேற்கே நல்ல மழை. காலையில் காய்கறி வாங்கப் போனவள் திருப்பூர் வளர்மதி பாலத்திலேயே நின்றுவிட்டேன். நொய்யல் செம்மண் நிறத்தில் கரை தொட்டு ஓடுகிறது. பாலத்துச் சுவரை ஒட்டி ஏகப்பட்ட கூட்டம், ஆளாளுக்குக் கையில் போன். பக்கத்தில் நின்றவர் தன் மகனிடம், "ஆறு இப்பச் சுத்தமாயிருச்சு பாரு. நாங்க சின்னப் பசங்களா இருக்கீல ஒரு நாளைக்குச் செவப்பா போகும், ஒரு நாளைக்கு நீலமாப் போகும்" என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

அவர் சொன்னதில் பொய் ஒன்றும் இல்லை. தொண்ணூறுகளில் இந்தப் பாலத்தைத் தாண்டித்தான் நான் கல்லூரிக்குப் போனேன். மூக்கைப் பொத்தாமல் தாண்டிய நாள் நினைவில் இல்லை. இன்றைக்கும் ஊரின் சாக்கடையும் குப்பையும் ஆற்றில்தான் சேர்கின்றன; மழை விட்டால் சில இடங்களில் நுரை எழும்புகிறது. ஆனாலும் அந்தச் சாய நிறம் போய்விட்டது உண்மை.

"சுத்தமாயிருச்சு" என்ற ஒரு சொல்தான் வீடு வரைக்கும் கூடவே வந்தது. வெள்ளியங்கிரி மலையில் பிறந்து, கோவைக் குளங்களை நிரப்பி, திருப்பூரை நடுவே பிளந்து, 160 கிலோமீட்டருக்கு மேல் ஓடிக் காவிரியில் சேர்கிற ஆறு இது. நான் பிறந்தது திருப்பூருக்குக் கிழக்கே, ஒரத்துப்பாளையம் அணைக்குப் பக்கத்து ஊரில். அங்கே அண்ணன் தோட்டத்துக் கிணற்றில் தண்ணீர் நிறைய இருக்கிறது. அதில் ஒரு வாய் குடிக்க முடியாது. பாலத்தில் நிற்கிறவருக்கு ஆறு தேறிவிட்டது. அணைக்கட்டுக்காரருக்கு இன்னும் தேறவில்லை. இந்த இரண்டுக்கும் நடுவே என்ன இருக்கிறது என்று கோர்வையாக எழுதி வைக்க வேண்டும்.

நவம்பர் 11, செவ்வாய்

பத்தாம் வகுப்பில் அமிலம், காரம், உப்பு பாடம். நொய்யலைப் பற்றிப் பேச்சு வந்தது. முன் பெஞ்சுப் பிள்ளை ஒருத்தி எழுந்து, "உப்புதானுங்க மிஸ்? சோத்துல போடறதுதானுங்களே. அது எப்படிங்க நெலத்தைக் கெடுக்கும்?" என்று கேட்டாள். அவளுடைய அப்பா டையிங்கில் ஷிப்ட் பார்க்கிறவர். பாடத்தை நிறுத்திவிட்டு அந்தக் கேள்விக்கே பீரியடைக் கொடுத்தேன்.

பருத்தி நூல் தண்ணீரில் நனைந்தால் அதன் மேற்பரப்பு எதிர்மின் தன்மை கொள்ளும். பனியன் துணிக்குப் போடுகிற ரியாக்டிவ் சாயம் கரைந்தாலும் எதிர்மின் அயனிதான். இரண்டும் ஒன்றையொன்று தள்ளும். தொட்டியில் உப்பைக் கொட்டினால் அந்தத் தள்ளல் அடங்கும், சாயம் நூலை நெருங்கும். அப்புறம் சோடாவைச் சேர்த்தால் நூலோடு பிணைந்துகொள்ளும். கறுப்பு, கருநீலம் மாதிரி அடர் ஷேடுகளுக்கு லிட்டருக்கு 60 முதல் 80 கிராம் வரை உப்பு போகும். கடல் தண்ணீரிலேயே லிட்டருக்குச் சுமார் 35 கிராம்தான். கடலைப்போல இரண்டு மடங்கு உப்புத் தண்ணீரில்தான் நாம் போடுகிற கறுப்பு டி-ஷர்ட் குளித்து வருகிறது. அந்த உப்பு துணியில் தங்குவதே இல்லை. சாயத்தைத் துணியில் ஏற்றிவிட்டு, அலசுகிற தண்ணீரோடு மொத்தமும் வெளியே வந்துவிடும்.

மற்றக் கழிவுகளுக்கு ஏதாவது ஒரு முடிவு உண்டு. சிலதைக் கிருமி தின்னும், சிலதை வெயில் சிதைக்கும், சிலது படிந்துவிடும். சாதாரண உப்பை எதுவும் தின்னாது, எதுவும் சிதைக்காது. தொண்ணூறுகளில் கட்டிய சுத்திகரிப்பு நிலையங்களில் சுண்ணாம்பும் ஃபெரஸ் சல்ஃபேட்டும் போட்டு நிறத்தைக் கீழே படிய வைத்தார்கள். மேலே தெளிந்த தண்ணீரை ஆற்றில் விட்டார்கள். பார்வைக்குத் தெளிவாகத்தான் இருந்தது. உப்போ கரைந்தபடியே போனது. லிட்டருக்கு 2,100 மில்லிகிராம்தான் கரைந்த உப்புக்கான உச்சவரம்பு. அந்த முறையால் அதை எட்டவே முடியாது. எழுநூறுக்கும் மேற்பட்ட பட்டறைகள், நாளொன்றுக்கு எட்டுக் கோடி லிட்டருக்கு மேல் கழிவுநீர். வருடக்கணக்கில் அப்படியே ஓடியது.

மண்ணில் சோடியம் ஏறினால் களி பிரிந்து நுண்துளைகளை அடைக்கும். மேலே ஓடு கட்டும், தண்ணீர் இறங்காது. இறங்கிய தண்ணீரையும் வேரால் உறிஞ்ச முடியாது. உப்பு பிடித்து வைத்துக்கொள்ளும். ஈரத்தில் நின்றபடியே பயிர் காயும்.

எல்லாவற்றையும் எழுதிக்கொண்டவள் கடைசியில் கேட்டாள்: "அப்பறம் அந்த உப்பெல்லாம் இப்ப எங்கீங்க மிஸ் இருக்குது?"

இதுதான் கேட்க வேண்டிய கேள்வி. நிறம் எங்கே போனது என்று எல்லோரும் சொல்கிறார்கள். உப்பு எங்கே போனது என்று யாரும் கேட்பதில்லை.

நவம்பர் 13, வியாழன்

சித்தப்பா பையன் வந்திருந்தான். இருபது வருடத்துக்கு மேல் டையிங் மாஸ்டர். அந்தப் பிள்ளை கேட்டதை அவனிடம் கேட்டேன். பாதிக் கேள்விக்கு அவனிடம் பதில் இருந்தது.

2011 ஜனவரி 28-ஐ அவன் மறக்கவில்லை. கழிவை ஒரு சொட்டுகூட வெளியே விடாத ஏற்பாடு முடியும் வரைக்கும் எல்லாச் சாயப்பட்டறைகளையும் மூடச் சொல்லிச் சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவு போட்ட நாள். "கரண்டைப் பிடுங்கிட்டாங்கக்கா. வின்ச்சு, சாஃப்ட் ஃப்ளோ மெஷினெல்லாம் அப்படியே நின்னுபோச்சு. ஒரு மாசம் பாத்தேன், அப்பறம் சாயவேலை தேடி வெளி மாநிலம் போயிட்டேன்" என்றான். அந்த வருடம் என் வகுப்பிலேயே சில பிள்ளைகள் டி.சி. வாங்கிக்கொண்டு தெற்கே சொந்த ஊருக்குப் போனார்கள். அப்பாவுக்கு வேலை இல்லை, வாடகை கொடுக்க முடியவில்லை என்பதுதான் காரணம். ஆற்றைக் கெடுத்த லாபத்தில் பங்கு வாங்காதவர்கள் அவர்கள். ஆற்றை மீட்கிற செலவின் முதல் தவணை அவர்கள் தலையில்தான் விழுந்தது.

பிறகு மாநில அரசு 200 கோடி ரூபாய் வட்டியில்லாக் கடன் கொடுத்தது. அருள்புரம் பொதுச் சுத்திகரிப்பு நிலையத்தில் புது முறையைச் சோதித்துப் பார்த்தார்கள். ஒவ்வொன்றாகப் பட்டறைகள் திறந்தன. இப்போது எப்படி நடக்கிறது என்று தம்பி விரல் விட்டுச் சொன்னான். முதலில் கிருமிகளைக் கொண்டு கழிவைத் தின்ன வைக்கிறார்கள். அடுத்து ஆர்.ஓ. சவ்வு. அதில் வடிந்து வருகிற நல்ல தண்ணீர் திரும்பப் பட்டறைக்கே போகும். மிஞ்சுகிற உப்புக்கரைசலை முடிந்த அளவுக்குத் தெளிவித்துச் சாயத் தொட்டிக்கே அனுப்புகிறார்கள், அல்லது எவாப்பரேட்டரில் காய்ச்சிக் கிளாபர் உப்பாக எடுக்கிறார்கள். "நூறு லிட்டர் போச்சுன்னா தொண்ணூறுக்கு மேல திரும்பி வருதுக்கா" என்று சொன்னபோது அவன் முகத்தில் பெருமை இருந்தது. இருக்க வேண்டியதுதான். மின்சாரத்துக்கும் விறகுக்கும் சவ்வு மாற்றவும் கொட்டுகிற காசு கொஞ்சமல்ல. ஒரு தொழில் நகரமே இதைச் செய்ய முடியும் என்று திருப்பூர் காட்டியிருக்கிறது.

"ஆனா எல்லா உப்பும் திரும்ப ஆகாதுக்கா" என்று அவனே சொன்னான். "கலப்பு உப்புன்னு ஒண்ணு வரும். குளோரைடு, சல்ஃபேட்டு, மிச்சமிருக்கற சாயம் எல்லாம் சேந்தது. அதைத் தொட்டில போட்டா ஷேடு மாறிப்போகும். மூட்டை புடிச்சு ஷெட்டுல அடுக்கறோம்."

முன்பு ஆற்றில் போனது இப்போது மூட்டையில் இருக்கிறது. அதுவரைக்கும் நல்லதுதான். மூட்டைக்குக் கணக்கு உண்டு, கூரை உண்டு, கேட்க ஆள் உண்டு. ஆனால் கூரை ஒழுகினால் அதுவும் நொய்யலுக்குத்தான் வழி தேடும்.

கிளம்பும்போது தம்பி வாசலில் நின்று, "குழாயை நாங்க அடைச்சுட்டோம். அதுக்கு முன்னாடி போனதுக்கு நான் என்னக்கா பண்ண முடியும்?" என்றான். அவனால் ஒன்றும் செய்ய முடியாது. அவன் சம்பளத்துக்கு வேலை பார்த்தவன். கேட்க வேண்டியது, அந்த வருடங்களின் ஏற்றுமதியில் டாலர் பார்த்தவர்களையும் அந்நியச் செலாவணி என்று மெச்சிக்கொண்ட அரசுகளையும்.

நவம்பர் 15, சனி

பஸ் விட்டு இறங்கினால் அண்ணன் பைக்கோடு நின்றிருந்தான். இட்டேரியில் இரண்டு பக்கமும் கிளுவை வேலி, மழைக்குப் பச்சைப்பசேல் என்று. கொறங்காட்டில் கொழுக்கட்டைப் புல் முழங்கால் உயரம். இந்தப் பச்சையைப் பார்த்தால் இங்கே ஒரு குறையும் இல்லை என்றுதான் தோன்றும். இது மழைத் தண்ணீரின் பச்சை. கிணற்றுத் தண்ணீரின் நிலம் தோட்டத்துக்குள்ளே இருக்கிறது.

அண்ணன் மனைவி, நங்கையா, சொம்பில் தண்ணீர் கொடுத்தார். "குடிங்க அம்மிணி, காவேரித் தண்ணிதான்." குழாயில் வருகிற நல்ல தண்ணீர் குடிக்கவும் சமைக்கவும் மட்டும். மற்ற எல்லாவற்றுக்கும் கிணற்றுச் சப்பைத் தண்ணி. பருப்பு அதில் வேகாது, சோப்பு நுரைக்காது.

கிணற்றுக்குள் இறங்கிப் பார்த்தேன். மழைக்குத் தண்ணீர் மேலேறி, பதினைந்து அடியில் தெளிவாக நிற்கிறது. அடியில் கிடக்கிற கல் தெரிகிறது, வாசமும் இல்லை. அதற்கு மேலே கல் சுவரில் வரிவரியாக வெள்ளைக் கோடுகள். ஒவ்வொரு மழைக்காலத்திலும் தண்ணீர் எங்கே வரைக்கும் ஏறி நின்றது என்று உப்பு குறித்து வைத்திருக்கிறது. ஒரு கோட்டை நகத்தால் சுரண்டினேன். மேலே மாவாக உதிர்ந்தது. உள்ளே கல்லோடு கல்லாக இறுகிய படலம், நகம் ஏறவில்லை. நாக்கில் வைத்தேன். முதலில் கரிப்பு, பின்னால் ஒரு கசப்பு.

மஞ்சளும் வெங்காயமும் நெல்லும் விளைந்த மூன்று ஏக்கர் இது. இப்போது தென்னையும் மாட்டுக்குச் சோளத்தட்டும். தென்னை உப்பைத் தாங்கும் என்பதால் மிஞ்சியிருக்கிறது. குரும்பை கொட்டுகிறது என்று அண்ணன் தலை தூக்காமல் சொன்னான். தட்டுப் போட்டிருந்த பாத்தியில் மண்வெட்டியால் ஒரு வெட்டு வெட்டிக் காட்டினான். முந்தின நாள் தண்ணீர் கட்டிய பாத்தி. மேல் மண் தட்டையாக, ஓட்டுச் சில்லுகளாகப் பெயர்ந்தது. மூன்று விரற்கடைக்குக் கீழே மண் உலர்ந்து கிடந்தது. தண்ணீர் இறங்கவே இல்லை. வரப்போரம் வெயில் பட்ட பக்கமெல்லாம் வெள்ளை பூத்திருக்கிறது.

சாயங்காலம் பெரியப்பா வந்து திண்ணையில் உட்கார்ந்தார். அணைக்கு முதல் தண்ணி வந்தபோது ஊரே கெடா வெட்டியது என்றார். "அணை வந்தா மூணு போகம்னாங்க கண்ணு. நாங்களும் நம்புனோம். வந்தது சாயத்தண்ணி. ஓடிப் போயிருந்தாலும் பரவால்ல. தேக்கி வெச்சாங்க பாரு, அதுதான் கெணத்துக்குள்ள எறங்குச்சு."

எத்தனை பக்கம் அறிக்கை எழுதினாலும் இதைத்தான் சொல்ல வேண்டும். ஓடுகிற ஆற்றில் கழிவு கடந்து போகும். தேங்கிய நீரில் அது பூமிக்குள் இறங்கும். நிலத்தடி நீரை ஊற வைக்க அணை எவ்வளவு நல்ல ஏற்பாடோ, அதே அளவுக்கு உப்பை ஊற வைக்கவும் நல்ல ஏற்பாடாகிவிட்டது.

நவம்பர் 16, ஞாயிறு

காலையில் அண்ணனோடு அணைக்குப் போனேன். 1992-இல் பாசனத்துக்கு வந்த அணை. ஈரோடு, கரூர்ப் பக்கத்து நிலங்களுக்காகக் கட்டியது. கட்டி முடித்த காலமும் திருப்பூரின் ஏற்றுமதி கிடுகிடுவென ஏறிய காலமும் ஒன்றாக அமைந்துவிட்டன. பாசனத்துக்கு என்று அணை கேட்ட விவசாயிகளே சில வருடங்களில், தண்ணீரைத் தேக்காதீர்கள், மதகைத் திறந்தே வையுங்கள் என்று நீதிமன்றத்தில் மன்றாட வேண்டி வந்தது.

மதகுகள் வழியே புதுவெள்ளம் இரைந்து போகிறது. நீர்பிடிப்புப் பகுதியில் சீமைக்கருவேலம் காடாக நிற்கிறது. நீர் வடிந்த ஓரத்தில் சேறு சாம்பல் நிறத்தில் வெடித்திருந்தது. குச்சியால் கிளறினேன். ஒரு சாண் ஆழத்தில் கறுப்பாக, மை மாதிரி ஒட்டுகிற வண்டல். திருப்பூர் அனுப்பியதில் கரையாதது இங்கே படிந்தது. கரைந்தது கிணறுகளுக்குப் போனது.

திரும்புகிற வழியில் எதிர்க்கரைக் கொடுமணலைச் சுற்றிக்கொண்டு வந்தோம். பதிற்றுப்பத்து கொடுமணம் என்று சொல்கிற ஊர். தமிழ்ப் பல்கலைக்கழகம் எண்பதுகளில் அகழத் தொடங்கிய இடம். இரும்பு உருக்கிய உலைகள், மணிக்கற்கள், நூல் நூற்ற தக்களிகளின் சுடுமண் வில்லைகள், எழுத்துப் பொறித்த பானையோடுகள் எல்லாம் கிடைத்தன. படியூர்ப் பச்சைக்கல்லும் கொடுமணலின் மணிகளும் கடல் கடந்து போயிருக்கின்றன. இரண்டாயிரம் வருடத்துக்கு முன்பே ஏற்றுமதிக்குச் சரக்குச் செய்த தொழிற்கூடம் இந்த ஆற்றின் கரையில் இருந்தது. அப்படியிருந்தும் பெரியப்பாவின் தலைமுறை வரைக்கும் இந்த ஆற்றில் கைநிறைய அள்ளிக் குடித்தார்கள். தொழில் என்றால் ஆறு கெடத்தான் செய்யும் என்று யாராவது சொன்னால், கொடுமணலைக் காட்டலாம்.

நவம்பர் 18, செவ்வாய்

பள்ளி ஆய்வகத்தில் மூன்று எவர்சில்வர் தட்டுகள் வைத்தோம். ஒன்றில் மழைத் தண்ணீர், ஒன்றில் பள்ளிக் குழாய்த் தண்ணீர், ஒன்றில் அண்ணன் கிணற்றுத் தண்ணீர். மூன்றிலும் ஒரே அளவு. மெல்லிய சூட்டில் வற்ற விட்டோம்.

மழைத் தண்ணீர்த் தட்டு துடைத்தது போல இருந்தது. குழாய்த் தண்ணீர்த் தட்டில் மங்கலாக ஒரு வளையம். கிணற்றுத் தண்ணீர்த் தட்டில் விளிம்பிலிருந்து வெள்ளை கட்டத் தொடங்கி, நடுவரைக்கும் பரவி, கடைசியில் சிறு சிறு கட்டங்களாகப் படிகம் நின்றது. பிள்ளைகள் லென்ஸ் வைத்து மாற்றி மாற்றிப் பார்த்தார்கள். கேள்வி கேட்டவள் விரலால் தொட்டு, "இவ்வளவுங்களா மிஸ்? தண்ணி கண்ணாடி மாதிரி இருந்துச்சுங்களே" என்றாள்.

தண்ணீர் வற்றினால் உப்பு நிற்கும். தோட்டத்திலும் இதுவேதான் தினமும் நடக்கிறது. பாய்ச்சுகிற தண்ணீரில் பெரும்பகுதியை வெயிலும் பயிரும் எடுத்துக்கொள்கின்றன, உப்பை மண்ணிலேயே விட்டுவிடுகின்றன. கிணற்றிலிருந்து நிலத்துக்கு, மழைக்குக் கொஞ்சம் நிலத்திலிருந்து திரும்பக் கிணற்றுக்கு. வெளியே போக வழி இல்லை. அவள் கேட்ட கேள்வியின் மறுபாதிக்கு இதுதான் பதில் என்று சொன்னேன். புது உப்பு ஷெட்டில் மூட்டையாக இருக்கிறது. பழைய உப்பு அணையைச் சுற்றிய கிணறுகளிலும் நிலங்களிலும் இன்னும் சுற்றிக்கொண்டிருக்கிறது.

நவம்பர் 20, வியாழன்

இரண்டு ராத்திரியாகத் தீர்ப்புகளைப் படித்துக்கொண்டிருக்கிறேன். இந்த ஆற்றுக்காக வழக்காடியவர்கள் பெரிய ஆட்கள் அல்லர். கரூர்ப் பக்கத்து வாய்க்கால் விவசாயிகளும் நொய்யல் ஆயக்கட்டுதாரர்களும் சங்கம் வைத்து, வசூல் செய்து, சென்னைக்கும் டெல்லிக்கும் நடந்தார்கள். அவர்களால்தான் ஒவ்வொரு அடியும் நகர்ந்தது.

தோல் தொழிற்சாலைகளால் பாலாறு கெட்டதற்கான வழக்கில் 1996-இல் உச்ச நீதிமன்றம், மாசுபடுத்துகிறவரே விலை கொடுக்க வேண்டும் என்ற நெறி இந்நாட்டுச் சட்டத்தின் பகுதி என்று சொன்னது. அதைத் தொடர்ந்து அமைந்த இழப்பீட்டு ஆணையம் நொய்யலுக்கும் கணக்குப் போட்டது. 2004-இல் 28,596 விவசாயிகளுக்குச் சுமார் 24.79 கோடி ரூபாய். வகுத்துப் பார்த்தேன். ஆளுக்குச் சராசரியாக ஒன்பதாயிரம் ரூபாய்கூட இல்லை. அந்தக் கணக்கும் 2004 வரைக்குமான இழப்புக்கு.

2006 டிசம்பர் 22-இல் உயர் நீதிமன்றம், வெளியேற்றும் கழிவுக்கு லிட்டருக்கு 6 பைசாவில் தொடங்கி 10 பைசா வரை ஏறுகிற அபராதம் விதித்துக் கெடு வைத்தது. பட்டறைக்காரர்கள் மேல்முறையீடு போனார்கள். 2009 அக்டோபர் 6-இல் உச்ச நீதிமன்றம் மூன்று மாதம் கொடுத்தது. அந்தக் கெடுவும் போனது. பிறகுதான் அவமதிப்பு வழக்கும் 2011 உத்தரவும். 1996-க்கும் 2011-க்கும் நடுவே பதினைந்து மழைக்காலம், பதினைந்து கோடை. ஒவ்வொரு கெடு தள்ளிப்போன நாளும் கிணற்றுச் சுவரில் எழுதியிருக்கிறது.

படித்து முடித்ததும் ஒன்று புரிந்தது. உத்தரவுகள் பெரும்பாலும் வெளியேற்றத்தை நிறுத்தவே பாடுபட்டன. அது அப்போது அவசரம், நியாயம். நின்ற பிறகு தோட்டத்து நிலத்தையும் கிணற்றையும் யார் தேற்றுவது என்பதற்கு ஒரு கெடுவும் என் கண்ணில் படவில்லை, ஒரு பைசா விகிதமும் படவில்லை. ஆறு நிறம் மாறியதும் எல்லோரும் கோப்பை மூடிவிட்டார்கள். தொண்ணூறுகளில் நிறத்தைப் படிய வைத்துவிட்டு உப்பை ஆற்றில் விட்டதும் இதே பார்வைதான். கண்ணுக்குத் தெரிவது போனால் போதும் என்ற பார்வை.

நவம்பர் 22, சனி

அண்ணனும் பெரியப்பாவும் காலை பஸ்ஸில் வந்துவிட்டார்கள். இந்த மாத விவசாயிகள் குறைதீர்க்கும் நாளில் கொடுக்க மனு எழுத வேண்டும். வருடா வருடம் கொடுக்கிறார்கள்; "நொய்யல் மாசுபாட்டைத் தடுத்து ஆவன செய்ய" என்று ஒரே வரி. பதிலும் ஒரே வரி: சாயக்கழிவு இப்போது வெளியேற்றப்படுவதில்லை. இந்தத் தடவை பதில் சொல்ல முடியாதபடிக்குக் குறிப்பாகக் கேட்போம் என்றேன்.

முதலாவது, அணைக்கு மேலும் கீழும் இரு கரைக் கிணறுகளிலும் வருடத்துக்கு இரண்டு தடவை, கோடையிலும் மழை முடிந்தும், தண்ணீர் எடுத்துச் சோதிக்க வேண்டும். கரைந்த உப்பு, சோடியம், குளோரைடு அளவுகளைக் கிணறு வாரியாக ஊராட்சி அலுவலகச் சுவரில் தமிழில் எழுதிப் போட வேண்டும். எண் இருந்தால்தான் குறைகிறதா கூடுகிறதா என்று பேச முடியும்.

இரண்டாவது, அணையின் வண்டலைச் சோதிக்காமல் யாரும் அள்ளக் கூடாது. குளத்து வண்டலை விவசாயிகள் இலவசமாக எடுத்துக்கொள்ளலாம் என்பது நல்ல திட்டம். இந்த அணையில் மட்டும் அது மிச்சமிருக்கிற நல்ல நிலத்தையும் கெடுத்துவிடும். உப்பும் உலோகங்களும் எவ்வளவு என்று ஆழம் வாரியாகப் பார்த்துவிட்டு முடிவெடுக்கட்டும்.

மூன்றாவது, நல்ல வெள்ளம் வருகிற நாட்களில் அதை நிலத்துக்குத் திருப்ப வேண்டும். உவர் நிலத்தைத் தேற்ற வேளாண்துறை சொல்கிற வழி எல்லோருக்கும் தெரிந்ததுதான். ஜிப்சம் போட்டு, நல்ல தண்ணீர் தேக்கி, வடிகால் வழியே உப்பை வெளியேற்றி, தக்கைப்பூண்டு விதைத்து மடக்கி உழ வேண்டும். இதில் ஜிப்சம் காசுக்குக் கிடைக்கும். நல்ல தண்ணீரும் வடிகாலும் ஒரு தனி விவசாயியால் ஆகாது. வெள்ளம் எந்த நிலையில் இருக்கும்போது தண்ணீர் பாசனத்துக்கு ஏற்றது என்று பார்த்துச் சொல்ல ஆள் வேண்டும், பொது வடிகால் வெட்டப் பணம் வேண்டும்.

நான்காவது, அந்தப் பணம் மானியமாக வரக் கூடாது. "மானியம்னு எழுதாத கண்ணு, அது நம்மளுக்கு வர வேண்டியது" என்று பெரியப்பா அடித்துச் சொன்னார். மாசுபடுத்தியவர் விலை கொடுப்பது என்ற நெறியின் கீழ், 2004-க்குப் பிறகான இழப்புக்கும் நிலத்தைத் தேற்றும் செலவுக்கும் புதிதாகக் கணக்கெடுக்க வேண்டும் என்று எழுதினேன்.

ஐந்தாவதைத் தம்பி போனில் சொன்னான். சுத்திகரிப்பு நிலையங்களின் ஷெட்டில் இருக்கும் கலப்பு உப்புக்கும் சேற்றுக்கழிவுக்கும் எத்தனை டன் என்று பொதுவில் கணக்கு வைக்க வேண்டும், கடைசியாக எங்கே போகிறது என்பதையும் அதில் சேர்க்க வேண்டும். சாயவேலை பார்க்கிறவனே இதைக் கேட்கச் சொன்னது எனக்குப் பெரிய விஷயம். அணைக்கட்டுக்காரரும் பட்டறைக்காரரும் எதிரெதிரே நின்ற காலத்தில் இப்படி ஒரு வரி மனுவில் ஏறியிருக்காது.

நகல் எடுத்து வாசித்துக் காட்டினேன். பெரியப்பா நிதானமாகக் கையெழுத்துப் போட்டார். அண்ணன் போட்டான். ஊரில் இன்னும் நாற்பது தோட்டத்துக்காரரிடம் வாங்க வேண்டும் என்று தாளை மடித்து வைத்துக்கொண்டான்.

வழக்குப் போட்ட தலைமுறை பதினைந்து வருடம் நடந்து குழாயை அடைக்க வைத்தது. அது பாதி வேலை. அதை வேறு யாராலும் அன்றைக்குச் செய்திருக்க முடியாது. மிச்சப் பாதி, மண்ணிலும் கிணற்றிலும் இருக்கிற உப்பை வெளியேற்றுவது. அதற்கும் அதே பிடிவாதம் வேண்டும். வெள்ளிக்கிழமை பள்ளிக்கு விடுப்பு சொல்லிவிட்டேன். மனுவை நானே நின்று வாசிக்கிறேன்.